பென்சில் குறிப்புகள்

மருதானைப் பழைய புத்தகக் கடை வரிசையில்
கோட்டைக்குப் போகும் ரயில் கத்தும்போதெல்லாம்
எங்கள் தட்டில் நார்மண்டி கொஞ்சம் நடுங்கும்.

கடை ஹில்மி நானாவுடையது.
கணக்கும் தூசியும் என்னுடையவை.
ஊர் திரும்பும் தூதரகக்காரர்கள்
குளிரூட்டியை விற்று, நாயை யாருக்கோ கொடுத்து,
கடைசியில்தான் எங்களைக் கூப்பிடுவார்கள்.
பெட்டி பெட்டியாக அமெரிக்கா போன போர்கள்.
பசிபிக் ஒரு தட்டு. கொரியா அரைத் தட்டு.
வியட்நாமுக்கு இரண்டு,
கொழும்பு ஈரத்தில் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு.
விலைபோகாதவை காலிமுகத்திடலில் கச்சான் சுருளாகும்:
குவாடல்கனாலின் மேல் உப்பு, மிளகாய்த்தூள்.

"சிவில் வோர் இருக்கா?"
கெம்பஸ் பிள்ளை ஒருவன் கேட்டான்.
எது என்று கேட்க வாயெடுத்தேன்.
தாடி வைத்த தளபதிகள் அட்டையில் நிற்பார்களே, அதுவாம்.
எடுத்துக் கொடுத்தேன். எண்ணூறு ரூபா.
மற்றதற்கு எங்களிடம் தட்டு இல்லை.

நானும் வாசிப்பேன், பின்னாலிருந்து.
சொல்லடைவுதான் முதலில்.
எவ்வளவு எழுதி வைத்திருக்கிறார்கள்!
எந்த மேட்டில் எத்தனை மணிக்கு மழை பிடித்தது,
ஒரு கம்பனிக்கு எத்தனை டின் பீச் பழம்,
சப்பாத்துக்குள் தண்ணீர் போன கோப்ரலின்
தாய் இருந்த தெருவின் பெயர்.
அவர்களில் செத்தவனுக்கு வயது உண்டு, ஊர் உண்டு.
எதிரே செத்தவர்களுக்கு ஓர் எண்,
அதற்கு முன்னால் 'ஏறத்தாழ'.

நான் ஏறத்தாழவிலிருந்து வந்தவள்.
என்றாலும் கோபம் வரவில்லை.
பொறாமைதான் வந்தது,
அந்தப் பீச் பழ டின்களின் மேல்.

பென்சில் குறிப்புகளை அழிப்பதும் என் வேலை.
சுத்தமான பிரதிக்கு இருநூறு கூடும்.

வியாழன்தோறும் வீரக்கொடி மாத்தையா வருவார்.
என்ன வேலை பார்த்தார் என்று சொன்னதில்லை.
வரைபடத்தை விரித்தால்
முதலில் வடக்கைத் தேடி உடம்பைத் திருப்பி நிற்பார்,
அதிலேயே தெரிந்துவிடும்.
ஐம்பது ரூபாவுக்கு அரை மணி பேரம்.
மிச்சக் காசை எண்ணாமல் பைக்குள் போடுவார்.
என்னிடம் ஒருநாள் மட்டும், தமிழில், தடக்கித் தடக்கி:
"மகள் எந்த ஊர்?"
வத்தளை என்றேன்.
தலையை ஆட்டினார். நம்பவில்லை.

போன கிழமை அவருடைய மருமகள்
த்ரீவீலில் எல்லாவற்றையும் கொண்டுவந்து இறக்கினாள்.
வெள்ளை உடுத்தியிருந்தாள். விலை கேட்கவில்லை.

நூற்றிப் பதினேழு புத்தகங்கள்.
கோடு கிழிக்காதவை, மடிக்காதவை.
ஒன்றில் மட்டும், மேக்கொங் கழிமுகத்துப் படத்தின் மேல்
அதற்குச் சம்பந்தமே இல்லாத ஒரு கரை, பென்சிலால்:
மேற்கே கடலேரி, கிழக்கே கடல்,
நடுவில் ஒடுங்கிய மணல்.
அந்த ஒடுக்கம் என் உள்ளங்காலுக்குத் தெரியும்.

அம்புக்குறி இல்லை. படையணி இலக்கம் இல்லை.
ஒரு வட்டம், தாள் தேயும்வரை சுற்றிச் சுற்றிக் கீறியது.
பக்கத்தில் சிங்களத்தில் ஒரே சொல்:
கிணறு.

குடித்தாரா, மூடினாரா,
எட்டிப் பார்த்தாரா.
எழுதவில்லை.
எங்கள் வளவிலும் கிணறு இருந்தது.
எல்லோர் வளவிலும் இருந்தது.
பழக்க தோஷத்தில் சொல்லடைவைப் புரட்டினேன்.
அறுநூறு பக்கப் போரில் ஒரு கிணறும் இல்லை.

அழிறப்பரை எடுத்தேன்.
கடல் சுலபமாகப் போனது. கடலேரியும்.
மணல் பாதி போனது, பாதி சாம்பல் நிறமாய்ப் பரவியது.
தூளை ஊதாமல் இருந்தேன்.

"முடிஞ்சா மகள்? மழை இருட்டுது,
தார்ப்பாயை இழுக்கோணும்."

இல்லை நானா.
இன்னும் ஒரு சொல் கிடக்கு.