இரண்டாம் வட்டு

அறுபத்து மூன்று வட்டுகள்.
கீறல் இல்லையென்றால் பன்னிரண்டு நிமிடம்.
இருந்தால் டிரைவ் முதலில் செருமும்,
பொய் சொல்லப் போகிறவனைப் போல.
பிறகு ஒரு முழு இரவு.

எல்லாமே திருட்டு.
பல்கேரியாவில் எங்கோ அச்சாகி
டினாருக்கு மதிப்பில்லாத வருடங்களில்
நோவி சாத் மீன் சந்தைக்குப் பின்னால்
வாழைப்பழப் பெட்டிகளில் வந்து இறங்கியவை.
அட்டையில் பெயர்கூடப் பிழையோடு.
அந்தத் திருட்டைத்தான் கணினியில் ஏற்றுகிறேன்,
ஒரு பிட் பிசகாமல்,
சரிபார்ப்பு எண்ணை இருமுறை ஒப்பிட்டு.
கள்ள நோட்டை வங்கியில் போடுகிறாய் என்கிறாள்
ஸ்லாவென்கா,
சாக்ஸ் மடித்துக்கொண்டே.

மூன்று வட்டுகள் கொண்ட ஆட்டம் ஒன்று.
முதலாவதில் கப்பல் கிளம்பும்.
மூன்றாவதில் யாரோ முடிசூடுகிறார்கள்.
நடுவில் இருக்கவேண்டிய குழியில்
ஒரு மின்கட்டண ரசீது,
அதுவும் கட்டாதது.

ஜூன் மாதம் சிகரெட்டுக்காகப் பால்கனிக்குப் போனபோது
கண்ணில் வெயில் குத்தியது.
பெர்சிதாவின் செர்ரி மரம்.
கிளைக்குக் கிளை மீன்பிடி நரம்பில்
என் இளமை சுழன்றுகொண்டிருந்தது.

குப்பைத்தொட்டி பக்கத்தில் நீதானே வைத்தாய்
என்றாள். பஸ் ஓட்டுகிறவள்;
கத்தாமல் பேச வராது.
ஒவ்வொரு ஜூனிலும் கட்டுவாளாம்,
ஜூலையில் கழற்றிக்
கரண்டிகளோடு இழுப்பறையில் போடுவாளாம்.
ஏணியைப் பிடித்துக்கொண்டாள்.
ஐந்தாவது கிளையில் கிடைத்தது:
தேய்ந்த 2, பக்கத்தில் ஒரு நங்கூரம்.
ஒன்றுக்கு ஒன்று, என்றாள் கீழிருந்து.
மினுக்கம் குறைந்தால் சூறைக்குருவிகள்
அரை மணியில் மரத்தைத் துடைத்துவிடும்.
ரக்கியா உன் அப்பனா வடிப்பான்?

வீட்டுக்கு வந்து பெட்டியைத் திறந்தேன்.
அறுபத்திரண்டும் கணினிக்குள் இருக்கின்றன.
இரண்டு ஹார்டு டிஸ்க்கில், இரண்டு அறைகளில்.
இனி இவை வெறும் தோல்,
எதை எடுத்தாலென்ன?
இது வேண்டாம், சிகரெட் சுட்ட தழும்பு இருக்கிறது.
இது வேண்டாம், என் தம்பி வுகான் கடன் வாங்கித்
திருப்பித் தந்த ஒரே பொருள்.
இது படுமோசமான ஆட்டம்,
ஆனாலும் வேண்டாம்.
பிரதி எடுத்துவிட்டேன், பிரதி எடுத்துவிட்டேன்
என்று சொல்லிக்கொண்டே
கை ஒவ்வொன்றாகத் தொட்டுத் தொட்டுப்
பின்வாங்கியது.
கடைசியில் மூன்றாம் வட்டைக் கொடுத்தேன்.
நான் பார்க்காத முடிசூட்டு விழா,
யாருக்கென்றே தெரியாது.
பெர்சிதா துளையில் நரம்பைக் கோத்து
மீன்காரன் முடிச்சாக ஒன்று போட்டாள்.

இரண்டாம் வட்டைக் கழுவினேன்.
குருவி எச்சம், செர்ரிப் பிசின்,
என்னவென்று தெரியாத இன்னொன்று.
விளக்குக்கு நேரே பிடித்தால்
ஓரத்தில் ஊசித் துளைகளாக வெளிச்சம் கசிந்தது.
டிரைவ் செருமியது.
இருபது விழுக்காடு. நாற்பது.
எழுபத்தொன்றில் நின்றது.
மீண்டும் முயலவா, தாண்டவா, நிறுத்தவா?
மீண்டும்.
மீண்டும் என்றே அழுத்தினேன் மூன்றரை மணி வரை.
அதன்பின் தாண்டு.
படிக்க முடியாத இடங்களையெல்லாம்
பூஜ்ஜியத்தால் நிரப்பிவிட்டதாகத்
தெரிவித்தது மென்பொருள்,
பல் பிடுங்கிய இடத்தில் பஞ்சை வைத்த மருத்துவர்போல,
அவ்வளவு சாதாரணமாக.

விடியலில் ஆடிப் பார்த்தேன்.
கப்பல் கரை சேர்ந்தது. மழை.
உப்பு வியாபாரி ஒருத்தி
இருபது வருடமாக எனக்கென்று வைத்திருந்த
இரண்டு வரியைச் சொன்னாள்.
சந்தையைக் கடந்தேன், படிகளில் ஏறினேன்.
பாலத்தின் பாதிதான் இருந்தது.
மிச்சப் பாதி கறுப்புக்கூட இல்லை;
திரை அப்படியே உறைந்து
என் ஆள் ஒரு காலைத் தூக்கியபடி.

பால்கனிக்குப் போனேன்.
எதிரே ஆட்டத்தின் முடிவு
நிதானமாகச் சுழன்றுகொண்டிருந்தது.
அதற்கு ஒரு சாண் தள்ளி ஒரு சூறைக்குருவி.
தலையைச் சாய்த்து அதைப் பார்த்தது,
மறுபக்கம் சாய்த்தும் பார்த்தது,
பிறகு ஒரு பழத்தைக் கொத்தியது.

கீழே ஜன்னல் திறந்து பெர்சிதா கத்துகிறாள்:
இது வேலை செய்யவில்லை,
வேறு கொண்டுவா.