நாலு வரி

நாலு வரி போதும் என்றார்கள்.
நாளை பதினொரு மணிக்கு அடக்க ஆராதனை,
அச்சகத்துக்காரர் ஏழு மணிக்கே ஷட்டரை இறக்கிவிடுவார்.
ஆகவே எழுதுகிறேன், சபைச் செயலாளர் என்ற முறையில்:

போதகர் தீமோத்தேயு வரப்பிரசாதம்.
பிறப்பு கோலார் தங்கவயல், சாம்பியன் ரீஃப்.
அப்பா ஷிஃப்டுக்குப் போன நாட்களில்
எத்தனை பேர் இறங்கினார்கள், எத்தனை பேர் ஏறினார்கள்
என்று எண்ணத் தொடங்கியவர்
அப்புறம் நிறுத்தவே இல்லை.

மர்ஃபி டவுன் பள்ளியில் முப்பத்தொரு வருடம் கணக்கு.
வகுப்பில் கன்னடம், பிரசங்கத்தில் தமிழ்,
கோபம் வந்தால் மட்டும் இங்கிலீஷ்.
அவர் பிட்டுத் தரும் அப்பத்தில்
கொஞ்சம் சாக்பீஸ் மணக்கும்.
யாரும் குறை சொன்னதில்லை.

சொந்த மகனுக்கு முப்பத்து நாலு போட்டார்.
"ஒரு மார்க் கிருபை இல்லையா அப்பா?"
"கிருபைக்கு ஞாயிற்றுக்கிழமை வா."
இதை எடுத்துவிடச் சொல்லி ஒயிட்ஃபீல்டிலிருந்து
மகன் இரண்டு முறை போன் செய்துவிட்டான்.
எடுத்துவிட்டேன்.

தொட்டியை என்ன செய்வது?

லிங்கராஜபுரத்தில் எங்கள் பீடத்துப் பலகைகளைத் தூக்கினால்
கீழே ஞானஸ்நானத் தொட்டி.
தலையில் தெளிப்பதெல்லாம் எங்களுக்கு ஆகாது,
முழுக்க முங்கி எழ வேண்டும்.
அந்த வருடம் குழாயில் காற்றுதான் வந்தது.
ஒன்பது பேர் காத்திருந்தார்கள்.
லாரித் தண்ணீருக்கு அறுநூறு ரூபாய்,
காணிக்கைப் பையிலிருந்து எண்ணிக் கொடுத்தது நான்.

சனிக்கிழமை ராத்திரி கதவைத் திறந்துவிட்டார்.
தெருவே குடமும் கையுமாக உள்ளே.
மசூதிச் சந்துப் பெண்கள், மாரியம்மன் கோயில் பூசாரி வீட்டம்மா,
மெக்கானிக் கடைப் பையன்கள்
பீடத்தின் மேல் செருப்போடு.
இவர் ஓரமாக நின்று
குடத்துக்கு ஒரு கோடு இழுத்தார், சுவரில்.
நூற்றுப் பன்னிரண்டு கோடு.

விடிந்தபோது முழங்காலுக்குக் கீழே தண்ணீர்.
ஒவ்வொருவரையும் உட்காரவைத்து
காய்ச்சல்காரரைக் கிடத்துவதுபோல் மெல்லச் சாய்த்தார்.
சலோமி அக்கா கனத்த உடம்பு,
மூக்கு நுனி மட்டும் நனையவில்லை.
கையால் அள்ளி அதையும் நனைத்தார்.

திங்கட்கிழமை டீக்கன்மார் கூட்டம்.
"அப்படியானால் மூக்குக்கு மட்டும் தெளிப்பு ஞானஸ்நானமா?"
எழுந்து கேட்டவன் நான்.
மினிட்ஸ் எழுதியவனும் நானே.
அவர் பதில் அதில் ஒரு வரி:
"கடன்தான். கழித்துக்கொள்ளுங்கள்."
மாதம் நூறாக ஆறு மாதம்
அவர் படியில் கழித்தோம்.
கடைசி நூறையும் விடவில்லை.

இப்போது பெட்டி அதே பலகைகள் மேல் இருக்கிறது.
பதிவேட்டில் பெயரில்லாத கூட்டம்
சாயங்காலத்திலிருந்து வந்துகொண்டிருக்கிறது,
இந்த முறை செருப்பை வாசலில் விட்டுவிட்டு.

பிறப்பு, பணி, மறைவு, ஆராதனை நேரம்.
நாலு வரி அனுப்பியாயிற்று.
தாளின் அடியில், நடுவில்,
112 என்று சின்னதாகப் போடச் சொன்னேன்.
"பக்க நம்பரா சார்? இருப்பதே ஒரு தாள்தானே?"
என்கிறார் அச்சகத்துக்காரர்.