நாற்பத்திரண்டு

சயான் ஸ்டேஷன் நடைமேம்பாலத்துக்கு
வரைபடத்தில் படிகள் நாற்பத்திரண்டு.
ஒவ்வொன்றும் ஆறரை அங்குலம்.
நடுவில் ஒரு தட்டு, மூச்சு வாங்க.
ஒப்பந்தக்காரர் நாற்பத்திரண்டுக்குத்தான் பில் போட்டார்.
ரயில்வே நாற்பத்திரண்டுக்குத்தான் பணம் கொடுத்தது.
பிறகு புகார்கள் வரத் தொடங்கின.

முதல் புகார் ஆஸ்பத்திரிப் பக்கமிருந்து.
ஸ்கேன் காகிதத்தை இடுப்பில் செருகியிருந்த ஒருத்தி
அன்றைக்கு அறுபத்தேழு ஏறினாளாம்.
யாரையோ பிடித்து மராத்தியில் எழுதி வாங்கி
கட்டைவிரல் ரேகை வைத்திருந்தாள்.
அடுத்து, தாராவித் தோல்பைக் கடையில் நிற்கும் பையன்:
"ரிசல்ட் அன்னிக்கு ஏறிக்கிட்டே இருந்தேன் மேடம்,
கீழே மூணு வண்டி போயிடுச்சு."
பாஸா ஃபெயிலா என்று கேட்க
படிவத்தில் கட்டம் இல்லை.

டேப்பை எடுத்துக்கொண்டு போனோம்.
ஒரு முனையைப் பிடித்தபடி மேலே போனார் தாம்பே.
அவர் மகளுக்கு நாக்பூரில் வேலை கிடைத்த வாரம் அது.
ஒன்பதே எட்டில் உச்சியில் நின்று
என்னைப் பார்த்துக் கையாட்டினார்.
இரும்பு முனகவில்லை.
கூச்சம் காட்டியவர் வயிறுபோல்
சுருங்கிக்கொண்டது, அவ்வளவுதான்.

சண்டையோடு ஏறிய ஒரு ஜோடிக்கு
நடுத்தட்டு நீண்டுகொண்டே போனதாம்;
ஒருவர் வாயைத் திறக்கும்வரை
இறங்கப் படியே தரவில்லையாம்.
இரவில் தனியே வரும் நர்ஸுகளுக்குக்
கைப்பிடிக் கம்பி வெதுவெதுப்பாக இருக்கும்.
காலை எட்டு நாற்பது வண்டி
இரண்டாயிரம் பேரைக் கொண்டுவந்து கொட்டும்போது மட்டும்
யாருடைய மனசை என்று பார்க்கும், பாவம்?
கண்ணை மூடிக்கொண்டு
வெறும் பாலமாக நின்றுவிடும்.

நான் ஏறினால் நாற்பத்திரண்டு.

அப்பா போன செய்தி வந்த விடியலில் நாற்பத்திரண்டு.
பாந்திரா குடும்ப நீதிமன்றத்தில்
கடைசிக் கையெழுத்தைப் போட்டுத் திரும்பிய மதியம்
வேண்டுமென்றே நிதானமாக எண்ணினேன்.
ஒன்று கூடவில்லை.
ஒன்று குறையவுமில்லை.
தலைமை அலுவலகத்துக்கு ஏகப்பட்ட சந்தோஷம்:
செல்வரதி ஏறுவதே சரியான அளவு,
இனி அவரையே அனுப்புங்கள்.
ஒரு மனுஷியை ஸ்கேல் என்று பாராட்டினால்
அதை எங்கே கொண்டுபோய் வைப்பது?

ஒருநாள் கடைசி வண்டி போன பிறகு
முதல் படியில் உட்கார்ந்து கேட்டேன்:
ஊருக்கெல்லாம் இளகுகிறாய்,
என்னிடம் மட்டும் என்ன இவ்வளவு நேர்மை?
தண்டவாளத்தில் ஒரு பெருச்சாளி
நின்று பார்த்துவிட்டுப் போனது.
பாலம் ஒன்றும் சொல்லவில்லை.

ஆகஸ்டில் ஒரு செவ்வாய்.
மாதாந்திர அளவெடுப்பு. மழை அப்போதுதான் விட்டிருந்தது.
"ஏ பாயி, ஜரா ஹாத் லாவ்!"
திரும்புவதற்குள் மீன்கூடையின் ஒரு காது
என் கையில் இருந்தது,
மறுகாதைப் பிடித்திருந்தவள் பாதிக் கதையில் இருந்தாள்.
திருடன் பயத்தில் அவள் மாமியார்
கேஸ் சிலிண்டரைக் கட்டிலில் படுக்கவைத்து
போர்வையும் போர்த்தினாளாம்.
விடிகாலையில் மாமனார் அதனிடம்
டீ கேட்டாராம்.

நடுத்தட்டில் ஒரு நண்டு குதித்தது.
பக்கவாட்டில், படிபடியாக,
டிக்கெட் வாங்கியவன் மாதிரி அது இறங்க,
அவள் முந்தானையை வீச, நான் கோப்பை வீச,
கடைசியில் ஒரு போலீஸ்காரரின் பூட்ஸ் மேல்
ஏறி நின்றது.
அவர் அசையவில்லை.
அவர் முகத்தைப் பார்த்து நாங்கள் சிரித்த சிரிப்பில்
விலா வலித்து
கம்பியைப் பிடித்துக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்து கோப்பைத் திறந்தால்
மீன்நீர் பட்டு ஓரம் ஊறியிருந்தது.
தேதி இருந்தது. வானிலை இருந்தது.
படிகள் என்ற இடம் காலி.
எத்தனை என்று
எனக்கு நிஜமாகவே தெரியவில்லை.

"காலியா விட்டா ஆடிட்டில் குடைவாங்க"
என்று மறுநாள் தாம்பேதான்
நாற்பத்திரண்டு என எழுதினார்.
பென்சிலில்.
மையால் எழுத வேண்டியது நான்.
இன்னும் எழுதவில்லை.