பார்க்க மட்டும்

கிளிநொச்சி, ஏ-ஒன்பது ஓரம்,
உழவு இயந்திர உதிரிப்பாகக் கடைக்கு மேல்மாடி.
இரவுக் கடமை எனக்கு.
கீழே ஒரு நாய் லொறிகளை எண்ணிக் குரைக்கிறது.

ஜெனார்த்தனி வேலையை விட்டுப் பதினெட்டு நாள்.
அவளுக்குக் கொடுத்த சான்றிதழைத் திருப்பி வாங்க வழியில்லை.
குபெர்னெட்டிசின் குணம் அப்படி:
ஒப்பமிட்டுக் கொடுத்தால் கொடுத்ததுதான்,
அடுத்த வைகாசியில் தானாய்க் காலாவதியாகும்வரை
வாசல் அவளை அடையாளம் காணும்.
ஆகவே பெயரை விட்டுவிட்டு
பெயரில் கட்டியிருந்த அனுமதிகளை
ஒவ்வொன்றாய் அவிழ்த்தேன்.

நானூற்றியொன்று என்றால்: நீ யாரென்று தெரியாது.
நானூற்றிமூன்று என்றால்: தெரியும். ஆனாலும் இல்லை.

இரண்டாவதைத்தான் அம்மா
பிரதேச செயலகத்தில் கேட்டுக்கொண்டு வருவா.
"உங்களைத் தெரியும்தானே அக்கா, பெர்மிட்டும் சரி,
வன இலாகா கல்லு நட்டிட்டுது, உள்ளுக்குப் போகேலாது."
கிணற்றை எட்டிப் பார்க்கத்தான் எண்டு சொல்லிப் பார்ப்பா.
தேத்தண்ணி குடுத்துத்தான் அனுப்புவினம்.

இரவு பதினொன்று நாற்பது.
பதிவேட்டில் ஜெனார்த்தனியின் பெயர்.
ஸ்காபரோவில் அப்போது பகல் இரண்டு சொச்சம்.
மறுப்பு.
பத்து வினாடி விட்டு, மறுப்பு.
மூன்றாம் முறையும்.

நெஞ்சு திக்கென்றது, பொய் சொல்வானேன்.
எல்லாத் தடத்தையும் துழாவினேன்.
பின்பக்கம் ஒரு சேவைக் கணக்குக் கிடந்தது, 'சோதனை-2',
அவசரத்துக்கு அவள் செய்தது, செய்யச் சொன்னது நான்:
எந்த வினைக்கும் நட்சத்திரம், எந்த வளத்துக்கும் நட்சத்திரம்,
சாகாத டோக்கன்.
வேலியில் ஆள் நுழையும் பொட்டு.
டென்மார்க்கின் பல் மருத்துவமனைகள் முந்நூறுக்கும்
அதுக்குள்ளால் போய் வரலாம்.
அவளுக்கு அது தெரியும்.

தெரிந்தும்
படலையில் நின்று, சொந்தப் பெயர் சொல்லித்
தட்டியிருக்கிறாள்.

கேட்டது என்னவென்று பார்த்தேன்.
ஓடும் கொள்கலன்களின் பட்டியல், அவ்வளவுதான்.
முன்பதிவுச் சேவை, அவள் கட்டியது,
இருக்கிறதா இல்லையா.

பொட்டை அடைத்தேன். டோக்கனைக் கொன்றேன்.
அவளுக்கு அனுமதி? கொடுக்கவில்லை. கொடுக்கக் கூடாது.
மின்சாரம் ஒருமுறை போய் வந்தது.
பிறகு வட்ஸ்அப்பில் எழுதினேன்:
"எல்லாம் ஓடுது. மூண்டும் பச்சை.
போன கிழமை ஒண்டு விழுந்து, தானா எழும்பினது."

நீலக் குறி இரண்டு.
கனநேரம் ஒன்றும் வரவில்லை.
நாயும் ஓய்ந்த பிறகு:
"ரெண்டாவதுக்கு மெமரி காணாது. கூட்டி விடு."