நாற்பத்தோராவது தவணை

மண்டூரில் பாதையேறி
குருமண்வெளியில் இறங்கி
பஸ் பிடித்தால் களுவாஞ்சிகுடிக் கோடு.

முதல் தவணைக்கு யதுஷிகா இடுப்பில்,
டிக்கெட் இல்லை.
பிறகு அரை டிக்கெட்.
இன்று கொண்டக்டர் அவளை ஒருதரம் பார்த்தார்,
முழுசாக வெட்டினார்.

மூன்று மாதத்துள் முடிக்கவும்,
மட்டக்களப்பு மேல் நீதிமன்றம்
எழுதியனுப்பியிருக்கிறதாம்.
லோயர் இரண்டு தரம் வாசித்துக் காட்டினார்.
சந்தோசம்தான்.

தாபரிப்பு வழக்கேட்டைப் புரட்டினார்கள்.
சான்று மூன்று: பால்மா பில்.
எழுத்தெல்லாம் பறந்து
வெறும் வெள்ளைத்தாள்.

"இதில் என்ன வாங்கினீர்?"
எதிர்த்தரப்பு லோயர் கேட்டார்.
பின்வாங்கில் எழும்பி நின்றாள் மகள்,
என்னைவிட அரைச்சாண் உயரம்.
நான் அங்கே கையைக் காட்டினேன்.

திரும்பி வர
பாதை அக்கரையில் நிற்கிறது.
கண்ணுக்குத் தெரிகிற தூரம்தான்.