கழிவு போக

மூன்று தடவை திகதி போட்டார்கள்.
முதல் தடவை பிள்ளைக்குச் சளி.
இரண்டாம் தடவை நானுஓயாப் பக்கம் மண் சரிந்து
பஸ் வரவில்லை.
மூன்றாம் தடவை
விழாத பேரைப் பற்றி யோசிக்காமல்
விடிய நாலு மணிக்கே இறங்கிவிட்டோம்,
நானும் நிதுர்ஷனும்
ஒரு பிளாஸ்டிக் கூடையும்.
கூடைக்குள் அவன் தலையணை உறை.
தலையணைக்கு இடமில்லை.

நுவரெலியா ஆஸ்பத்திரியில்
"கட்ட அரின்ன, புத்தா" என்றார் மிஸ்.
பள்ளிக்கூடத்தில்
வாயை மூடு என்று மட்டுமே கேட்டுப் பழகியவன்
என்னைப் பார்த்தான்.
ஆ காட்டு, என்றேன்.
டோர்ச் வெளிச்சத்தில் நானும் எட்டிப் பார்த்தேன்:
ஊறிப்போன இரண்டு பலாக்கொட்டை,
நடுவில்
ஒரு பென்சில் போகிற இடைவெளி.
இதற்குள்ளால்தான் இவ்வளவு காலமும்
சோறு, தண்ணி, மூச்சு,
என்னோடு போட்ட சண்டை எல்லாம்.

சிங்களத்தில் ஒரு கடதாசி நீட்டினார்கள்.
ஒப்பம் இங்கே என்று ஒரு விரல்.
வாசிக்காமல் வைத்த ஒப்பம் என்ன செய்யுமென்று
மடுவத்தில் தெரிந்துகொண்டவள் நான்.
பேனையைப் பிடித்துக்கொண்டே நின்றேன்.
கூட்டிக்கொண்டிருந்த ராகலைப் பிள்ளை
விளக்குமாற்றைச் சுவரில் சாத்திவிட்டு வந்து
வரி வரியாய்ச் சொன்னாள்.
"ரத்தம் போகலாம்னு போட்டிருக்கு அக்கா.
எல்லாருக்கும் அப்படித்தான் போடுவாங்க."
எல்லாரும் எனக்கு யார்?
வைத்தேன்.

கதவு திறந்தபோது
டொக்டர் கையில் சின்னப் போத்தல்.
இதுதான், என்றார் தமிழில்.
எத்தனை கிராம், என்று கேட்டேன்.

பகிடிக்குக் கேட்கவில்லை.
நாள் முழுக்க நிறுத்துக் கொடுக்கிறவள்.
சாக்குக்கு ஒரு கிலோ,
ஈரத்துக்கு ஒரு கிலோ,
எதற்கென்று சொல்லாமல் இன்னுமொன்று
கழித்துவிட்டு
மிச்சத்தில் எழுதப்படுகிறவள்.
என் பிள்ளையில் கழித்தது எவ்வளவு என்று
எனக்குத் தெரிய வேண்டாமா?

போத்தலைச் சாய்த்துப் பார்த்து
"பத்து இருக்கும்" என்றார்.
சிரிக்கவில்லை.
அதற்காகவே அந்த மனிசனை
எனக்குப் பிடித்துப்போனது.

ஐஸ்கிரீம் என்று சொல்லித்தான் கூட்டிவந்தேன்.
இரண்டாவது கரண்டியில் அழுதுவிட்டான்,
சத்தமில்லாமல், மூக்கால் மட்டும்.
மிச்சத்தை நான் தின்றேன்.
காலையிலிருந்து ஒன்றுமில்லை வயிற்றில்.

வீட்டுக்கு வந்து
சத்தியசீலனின் ஓட்டோ நம்பரைக்
கரியால் சுவரில் எழுதினேன்.
பத்து நாளைக்குள்
சிவப்பாய் ஏதும் துப்பினால்
ஒரு நிமிசம் நிற்காமல் வரச் சொல்லியிருக்கிறார்கள்.
வருவோம்.
பாலம் வரைக்கும் றோட்டு இருந்தால்.

ஐந்து இரவும் வீக்கத்தோடு
பழைய குறட்டையே.
பலகைச் சுவருக்கு அந்தப் பக்கம்
ரெங்கநாதன் அண்ணன் வழக்கம்போல
முழங்கையால் இடித்தார்.
நாலு வருசமாய் இடிக்கிற இடத்தில்
சுண்ணாம்பு எங்கள் பக்கம் உதிர்ந்திருக்கிறது.

ஆறாம் இரவு
எதுவோ எழுப்பியது.
மழை விட்டிருந்தது.
பீலியில் தண்ணி விழுகிறது.
காம்பராவுக்குள்
ஒன்றுமே கேட்கவில்லை.

போன் வெளிச்சத்தில் உறையைப் பார்த்தேன்.
வெள்ளைதான்.
மூக்கடியில் கையை வைத்தேன்,
என் கையே ஆடியதில்
எது காற்று, எது நான் என்று தெரியவில்லை.
அசையாமல் பிடித்துக்கொண்டிருந்தேன்.

சுவரில் இரண்டு தட்டு.
முழங்கை இல்லை, விரல்.
"தங்கச்சி,
பிள்ளை...?"

அப்போதுதான்
உள்ளங்கையில் ஈரம் பட்டது.
பட்டு, குளிர்ந்து,
திரும்பவும் பட்டது.

"மூச்சு விடுறான் அண்ணே."
"ஆ."

அதற்குப் பிறகும் அவர் தூங்கவில்லை.
நெருப்புக்குச்சி கிழிக்கிற சத்தம்,
பீடி,
ஒரு இருமல்.
நான் கையை எடுக்கவில்லை.