கிளாமர், கோபாலபுரம் செக்போஸ்ட் அருகில்

பலகையில் மூன்று மொழியிலும் கிளாமர்.
மாடியில் ஜோசி மாஷின் ஆங்கில டியூஷன்.
கரண்ட் போன மத்தியானம் இறங்கி வந்தவர் சொன்னார்:
பழைய நாளில் அந்தச் சொல்லுக்குக்
கண்கட்டு என்று அர்த்தமாம்.
கிராமர்தான் நாக்குப் புரண்டு கிளாமர் ஆச்சாம்.
எழுத்துத் தெரிந்தவனைக் கண்டு
வெள்ளைக்காரனும் பயந்திருக்கிறான்.

நான் நூலைப் பல்லில் கடித்தபடி
ஒரு புருவத்தை முடித்துக்கொண்டிருந்தேன்.

நாலு மணி பொள்ளாச்சி பஸ்ஸில் ஒருத்தி.
நாற்காலியில் உட்காரவில்லை.
"மலையாளத்து வசிய மை
இங்கே கிடைக்கும்னாங்க."
யார் சொன்னது என்று கேட்கவில்லை,
யாருக்கு என்றும்.
மடித்து மடித்து வேர்த்திருந்தது
அவள் கையில் இருநூறு.

நாற்பத்தைந்து ரூபாய்க் காஜல்.
விலைச்சீட்டைச் சுரண்டத்தான் நினைத்தேன்,
நகம் வரவில்லை.
இடது கண்ணுக்கு நான் தீட்டினேன்.
வலதுக்கு அவளே, கை நடுங்காமல்.

"மந்திரம்?" என்றாள்.

மேலே கரண்ட் வந்து
பிள்ளைகள் தொடங்கியிருந்தார்கள்:
கோ, வென்ட், கான்.
கோ, வென்ட், கான்.

அண்ணாந்து கேட்டாள்.
உதடு கூடவே அசைந்தது.
அர்த்தம் கேட்டபோது
சில்லறை தேடுகிறவள்போல்
மேசை டிராயருக்குள் குனிந்துகொண்டேன்.